எண்ணைத் தந்தது எந்த வெர்ஷன்?

1960களின் ஆய்வேடு ஒன்றைப் பல்கலைக்கழக நூலகத்தில் எடுத்துப் புரட்டிப் பாருங்கள். நெல் ரகங்களின் விளைச்சல், பள்ளிக் குழந்தைகளின் எடை, கிராமத்துக் கடன் கணக்கு என்று எதைப் பற்றிய ஆய்வானாலும், புள்ளியியல் பகுதியில் சூத்திரம் இருக்கும். அது எந்த நூலிலிருந்து எடுக்கப்பட்டது என்ற குறிப்பும் இருக்கும். எந்த இயந்திரத்தில் கணக்குப் போட்டோம் என்று எழுதும் தேவை இருக்கவில்லை. ஃபேசிட் கணக்கு இயந்திரத்தின் கைப்பிடியை ஒரு பக்கம் சுற்றினால் கூட்டல், மறுபக்கம் சுற்றினால் கழித்தல். வர்க்கங்களின் கூடுதலை இரண்டு பேர் தனித்தனியாகப் போட்டுப் பார்த்து, விடை ஒத்துப்போனால் மேலே போகலாம். பக்கத்தில் ஃபிஷரும் யேட்ஸும் 1938இல் வெளியிட்ட அட்டவணை நூல் இருக்கும். இல்லையென்றால் பாடநூலின் கடைசியில் அச்சிட்ட அட்டவணைப் பக்கங்கள். ஐந்து சதவீதம், ஒரு சதவீதம் என்ற நெடுவரிசைகளில் விரல் வைத்துத் தேடி, நம் எண் அதைத் தாண்டுகிறதா என்று பார்க்க வேண்டும். வேலை மெதுவாகத்தான் நடந்தது. ஆனால் சூத்திரத்துக்கும் விடைக்கும் நடுவில் நடந்ததெல்லாம் கண்முன்னே நடந்தது.

இன்றைய ஆய்வேட்டில் அந்த இடத்தில் ஒரே ஒரு வரி இருக்கிறது: ‘தரவுகள் எஸ்பிஎஸ்எஸ் 20ஆம் வெர்ஷனில் பகுப்பாய்வு செய்யப்பட்டன.’ வழிகாட்டிகளும் தேர்வாளர்களும் அதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். நிற்க வேண்டிய இடம் அதுதான் என்பது என் எண்ணம். அந்த 20ஆம் வெர்ஷன் எங்கிருந்து வந்தது? கல்லூரி விலை கொடுத்து வாங்கியதா, நண்பரின் பென்டிரைவில் வந்ததா, டெலிகிராம் குழுவில் இறக்கியதா? 2011இல் வெளிவந்த ஒரு மென்பொருள், அதற்குப் பிறகு வந்த திருத்தங்கள் எதுவும் ஏறாமல், ஏன் இன்னும் ஓடிக்கொண்டிருக்கிறது? இந்தக் கேள்விகளை நாம் கேட்பதே இல்லை.

எஸ்பிஎஸ்எஸ் என்ற புள்ளியியல் மென்பொருள் பிறந்தது 1968இல், அமெரிக்காவின் ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகத்தில். அரசியல் அறிவியலில் முனைவர் பட்ட ஆய்வு செய்துகொண்டிருந்த நார்மன் நை, தன் கருத்துக்கணிப்புத் தரவுகளோடு மல்லுக்கட்டி அலுத்துப்போய், டேல் பென்ட், ஹாட்லாய் ஹல் இருவரோடும் சேர்ந்து உருவாக்கியது அது. ஏறக்குறைய அதே காலத்தில் வட கரோலினா மாநிலப் பல்கலைக்கழகத்தில், வேளாண் சோதனைத் தரவுகளைப் பகுப்பாய்வு செய்வதற்காக சாஸ் என்ற மென்பொருள் உருவானது. 1976இல் அது தனி நிறுவனம் ஆயிற்று. இரண்டுமே ஓர் அறையை அடைத்து நின்ற பெரிய கணினிகளில் ஓடியவை. நம் பக்கம் சென்னை ஐஐடிக்கு 1973இல் ஐபிஎம் 370 வந்தது, அந்த இனத்தைச் சேர்ந்த இயந்திரம்தான்.

அந்தக் காலத்தில் புள்ளியியல் நிரல் கணினி மையத்துக்குள் வாழ்ந்தது. ஆய்வாளர் கொண்டுபோனது துளையிட்ட அட்டைக் கட்டு மட்டும். ஓர் அட்டையில் 80 எழுத்து. கட்டைக் கொடுத்துவிட்டு வந்தால் மறுநாள் தாள் தாளாக விடை வரும். ஒரு காற்புள்ளி தவறியிருந்தால் பிழைச் செய்தி மட்டும் வரும், அந்த நாள் வீண். நிரலின் புதிய வெர்ஷன் காந்த நாடாவில் வந்தது. மையத்தின் ஊழியர் ஏற்றினார். என்னென்ன மாறியிருக்கிறது என்ற குறிப்பும் கூடவே வந்தது. ஆய்வாளர் அதைத் திருடவும் வழியில்லை, திருத்தம் ஏற்றாமல் விடவும் வழியில்லை. பொறுப்பு முழுக்க மையத்தினுடையது. எல்லோருக்கும் ஒரே வெர்ஷன் என்பதால், ஒருவர் கண்டுபிடித்த தவறு அனைவருக்கும் தெரிந்தது.

1984இல் எஸ்பிஎஸ்எஸ் மேசைக் கணினிக்கு இறங்கியது. நிரல் ஃபிளாப்பிகளில் வந்தது. ஃபிளாப்பியை யாரும் நகலெடுக்கலாம். நகலெடுப்பதைத் தடுக்கச் சிலர் கணினியின் பின்புறம் செருகும் பூட்டுக் கருவிகளைக் கொடுத்தார்கள், சிலர் அனுமதி எண் கேட்டார்கள். பாகிஸ்தானின் லாகூரில் மருத்துவ மென்பொருள் எழுதி விற்ற பாசித், அம்ஜத் என்ற சகோதரர்கள் 1986இல் இன்னொரு வழியில் போனார்கள். தங்கள் நிரலை நகலெடுப்பவர்களைப் பிடிப்பதற்காக என்று சொல்லி, ஃபிளாப்பியின் தொடக்கப் பகுதியில் போய் ஒட்டிக்கொள்ளும் ஒரு சிறு நிரலை எழுதி, அதற்குள் தங்கள் பெயரையும் முகவரியையும் தொலைபேசி எண்ணையும் வைத்தார்கள். ஐபிஎம் வகை மேசைக் கணினிகளில் பரவிய முதல் வைரஸ் என்று பெயர் பெற்ற ‘பிரெயின்’ அதுதான். திருட்டு நகலும் வைரஸும் அன்றே ஒன்றாகப் பிறந்துவிட்டன என்று சொல்லலாம். ஒரு வேறுபாடு உண்டு. அன்று நகலெடுப்பவருக்கு எதிராக எழுதப்பட்டது வைரஸ். இன்று வைரஸைப் பரப்புவதற்காகவே நகல் தயாராகிறது.

நம் ஊரில் திருட்டு மென்பொருள் பரவியது சீடி காலத்தில். சென்னையில் ரிச்சி தெருவும் பர்மா பஜாரும், மற்ற ஊர்களில் கணினி மையங்களும் அதன் வாசல்கள். பல்கலைக்கழகங்களைச் சுற்றி இருந்த ஜெராக்ஸ் கடைகளில் தட்டச்சு, பைண்டிங் என்ற விளம்பரத்துக்குக் கீழே ‘எஸ்பிஎஸ்எஸ் வேலை செய்து தரப்படும்’ என்ற வரியும் சேர்ந்தது. துறை ஆய்வகத்தில் ஒரு கணினியில் ஏறிவிட்டால் போதும். மூத்த மாணவரிடமிருந்து இளைய மாணவருக்கு, அவரிடமிருந்து அவருடைய அடுத்தவருக்கு என்று ஒரே நகல் பல ஆண்டு ஓடும். மென்பொருள் நிறுவனங்களின் கூட்டமைப்பான பிஎஸ்ஏ 2018இல் வெளியிட்ட மதிப்பீட்டின்படி, 2017இல் இந்தியக் கணினிகளில் இருந்த மென்பொருள்களில் 56 சதவீதம் உரிமம் இல்லாதவை; உலக அளவில் 37 சதவீதம். விற்பவர்களின் சங்கம் போட்ட கணக்கு என்பதை மனத்தில் வைத்துக்கொண்டே இதைப் படிக்க வேண்டும். ஆனாலும் ஆய்வு மாணவர்களோடு பழகியவர்கள் யாரும் இந்த எண்ணைப் பார்த்து வியக்க மாட்டார்கள்.

மாணவரைத் திருடர் என்று சொல்லிவிட்டு நகர்வது எளிது. அது நியாயம் ஆகாது. கல்லூரியில் உரிமம் இருக்காது. வழிகாட்டியோ, “எஸ்பிஎஸ்எஸ் அவுட்புட்டா கொண்டு வாம்மா, அப்பத்தான் வைவால கேள்வி வராது” என்பார். ஐபிஎம் 2009இல் 120 கோடி டாலருக்கு எஸ்பிஎஸ்எஸ் நிறுவனத்தை வாங்கியது. 2017இல் சந்தா முறை வந்தபோது அமெரிக்க விலை மாதம் 99 டாலர். அன்றைய மதிப்பில் ஆறாயிரம் ரூபாய்க்கு மேல். நெட் தேறாத முனைவர் பட்ட மாணவருக்கு மத்தியப் பல்கலைக்கழகம் தரும் உதவித்தொகையே மாதம் 8,000 ரூபாய். மாணவர்களுக்கென்று குறைந்த விலையில் தனித் தொகுப்பு உண்டு; ஆனால் அதைப் பற்றி அவருக்கு யாரும் சொல்வதில்லை. ஒரு குறிப்பிட்ட கருவியைக் கேட்டுவிட்டு, அதை வாங்கித் தராமல், எப்படியோ கொண்டு வா என்று விட்ட நிறுவனத்துக்குத்தான் இந்தத் திருட்டில் பெரிய பங்கு.

சட்டம் இதை 1994லேயே கவனித்துவிட்டது. பதிப்புரிமைச் சட்டம் 1957இல் அந்த ஆண்டு சேர்த்த 63பி பிரிவு, திருட்டு நகல் என்று தெரிந்தே ஒரு கணினி நிரலைப் பயன்படுத்துபவருக்கு ஏழு நாள் முதல் மூன்று ஆண்டு வரை சிறையும், 50,000 முதல் இரண்டு லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கிறது. வியாபார நோக்கம் இல்லை என்றால் நீதிமன்றம் சிறையை விட்டு, 50,000 ரூபாய்க்குள் அபராதத்தோடு முடிக்கலாம். வீட்டில் படிக்கும் மாணவரைத் தேடி இந்தப் பிரிவு வந்ததைப் பலரும் பார்த்ததில்லை. அதனால் பயமும் இல்லை. அன்றைய சீடி நகல் பெரும்பாலும் வெறும் நகலாகவே இருந்தது என்பதும் பயத்தைக் குறைத்தது. நட்டம் யாருக்கு? தூரத்தில் இருந்த ஒரு நிறுவனத்துக்கு. இந்த நினைப்பு அப்படியே தங்கிவிட்டது. அதற்கு அடியில் இருந்த நிலைமைதான் முழுக்க மாறிவிட்டது.

இன்று இணையத்தில் இறக்கும் ‘கிராக்’ எப்படி வேலை செய்கிறது என்று பார்ப்போம். மென்பொருள் தன் உரிமத்தைச் சரிபார்க்கும் இடத்தை ஒருவர் வெட்டி மாற்றியிருப்பார். வெட்டிய கோப்பில் நிறுவனத்தின் மின்னணுக் கையொப்பம் செல்லாது. ஆகவே, உள்ளே வேறு எதைச் சேர்த்திருக்கிறார்கள் என்று சோதிக்க எளிய வழி மிச்சமில்லை. கூடவே வரும் குறிப்பு மூன்று காரியங்களைச் செய்யச் சொல்லும். ஆன்டிவைரஸை அணைத்துவிடு. கடவுச்சொல் போட்டு மூடிய சுருக்கக் கோப்பைத் திற. கடவுச்சொல் போட்டதே, ஆன்டிவைரஸ் உள்ளே எட்டிப் பார்க்கக் கூடாது என்பதற்காகத்தான். பிறகு, இந்த மென்பொருள் தன் நிறுவனத்தின் கணினியோடு பேசாமல் இருக்க வழியை அடை. இந்த மூன்றாவதுதான் அப்டேட்டின் கழுத்தையும் நெரிக்கிறது. நகல் இறக்கிய நாளில் இருந்த ஓட்டைகள் அனைத்தும் அன்றிலிருந்து திறந்தே கிடக்கும்.

2021 டிசம்பரில் ஜாவா நிரல்களில் பரவலாகப் பயன்பட்ட லாக்4ஜே என்ற கூறில் பெரிய ஓட்டை தெரியவந்து உலகமே பதறியது. எஸ்பிஎஸ்எஸ்ஸுக்குள்ளும் அந்தக் கூறு இருந்தது. ஐபிஎம் திருத்தம் வெளியிட்டது. உரிமம் வைத்திருந்தவர்கள் ஏற்றிக்கொண்டார்கள். வழியை அடைத்து வைத்திருந்தவர்களுக்கு அப்படி ஒன்று நடந்ததே தெரிந்திருக்க வாய்ப்பில்லை.

இந்த ஆபத்து எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு ஒரு நிகழ்வைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும். இணையப் பாதுகாப்பு நிறுவனமான சோஃபோஸ் 2021 மே மாதம் வெளியிட்ட விசாரணை அறிக்கை இது. இடம் ஐரோப்பாவில் உள்ள ஓர் உயிர் மூலக்கூறு ஆய்வு நிறுவனம். கொரோனா தொடர்பான ஆய்விலும் ஈடுபட்டிருந்தது. பெயரை அறிக்கை சொல்லவில்லை. பல்கலைக்கழகங்களோடு சேர்ந்து வேலை செய்ததால், மாணவர்கள் தங்கள் சொந்தக் கணினியிலிருந்தே நிறுவனத்தின் கட்டமைப்புக்குள் நுழைய அனுமதி உண்டு. அந்த மாணவர்களில் ஒருவர், அங்கே வேலைக்குப் பயன்படுத்திய தரவுக் காட்சி மென்பொருள் ஒன்று தன் கணினியிலும் இருந்தால் நல்லது என்று நினைத்தார். உரிமத்துக்கு ஆண்டுக்குச் சில நூறு டாலர் ஆகும். இலவச வழி உண்டா என்று இணையத்தில் விசாரித்துப் பார்த்து, கிடைக்காமல், கடைசியில் கிராக் செய்த ஒன்றை இறக்கினார். விண்டோஸின் பாதுகாப்பு நிரல் உடனே எச்சரித்தது. அதை அணைத்தார், ஃபயர்வாலையும் அணைத்தார், மீண்டும் முயன்றார்.

ஏறியது மென்பொருள் அல்ல. விசைப்பலகையில் தட்டுவதையும் கடவுச்சொற்களையும் திருடி அனுப்பும் நிரல். 13 நாள் கழித்து, அந்த மாணவரின் பெயரிலும் கடவுச்சொல்லிலும் யாரோ நிறுவனத்தின் கட்டமைப்புக்குள் நுழைந்தார்கள். நுழைந்த இணைப்பில் ரஷ்ய மொழிப் பிரின்டர் டிரைவர் பதிவாகியிருந்தது. திருடியவரே வந்திருக்க வேண்டும் என்பதில்லை. இப்படித் திருடிய நுழைவு உரிமைகளை விற்க ஒரு சந்தையே இருக்கிறது. அதற்குப் பத்து நாள் கழித்து ‘ரியூக்’ என்ற பிணைத்தொகை வைரஸ் வெடித்தது. கோப்புகள் பூட்டப்பட்டன. காப்பு நகல் முழுக்க அண்மையதாக இல்லாததால் ஒரு வாரத்து ஆய்வுத் தரவு மீளாமல் போயிற்று. சர்வர்களையும் கணினிகளையும் அடியிலிருந்து மறுபடி அமைத்த பிறகே தரவை மீட்டு ஏற்ற முடிந்தது.

ஒரு மாணவர் தன் சொந்தக் கணினியில் செய்த காரியம் இத்தனை பேரின் உழைப்பைத் தொட்டது. நம் ஆய்வு மாணவரின் லேப்டாப்பில் என்னவெல்லாம் இருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். சர்க்கரை நோயாளிகளின் பட்டியல், எச்ஐவி உள்ளவர்களிடம் எடுத்த நேர்காணல், வீட்டுக்குள் அடிபடும் பெண்கள் நம்பிச் சொன்ன பதில்கள், பள்ளிப் பிள்ளைகளின் சாதியும் குடும்ப வருமானமும். பெயரை நீக்கி எண் கொடுத்துவிட்டோம் என்பார்கள். எந்த எண் யாருடையது என்ற பட்டியல் அதே ஃபோல்டரில்தான் கிடக்கும். ஒப்புதல் படிவத்தில் ‘உங்கள் விவரங்கள் ரகசியமாகக் காக்கப்படும்’ என்று அச்சிட்டுக் கையெழுத்து வாங்கிக்கொண்டு, அந்த விவரங்களைக் கிராக் செய்த மென்பொருளுக்கு முன்னால் திறந்து வைப்பது அவர்களுக்குச் செய்யும் துரோகம். இதைவிட மென்மையான சொல் எனக்குக் கிடைக்கவில்லை. 2023இல் இயற்றப்பட்ட தனிநபர் மின்னணுத் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தரவைக் காக்கத் தவறும் அமைப்புக்கு 250 கோடி ரூபாய் வரை தண்டம் வைத்திருக்கிறது. ஆய்வுக்குச் சில விலக்குகள் உண்டு. ஆனால் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த அந்த அம்மாவுக்கு நாம் கொடுத்த வாக்குக்கு விலக்குக் கிடையாது.

இதுவரை சொன்னது பாதுகாப்பு. அப்டேட்டுக்கு இன்னொரு பக்கம் உண்டு: அது விடையையே மாற்றக்கூடியது. ஃபேசிட் காலத்தில் நினைத்தே பார்க்க முடியாத விஷயம் இது.

ஆர் என்ற இலவச நிரலை எடுத்துக்கொள்வோம். நியூசிலாந்தின் ஆக்லாந்து பல்கலைக்கழகத்தில் ராஸ் இஹாக்காவும் ராபர்ட் ஜென்டில்மேனும் 1990களின் தொடக்கத்தில் எழுதியது. 2000 பிப்ரவரி 29 அன்று முதல் முழு வெர்ஷன் வந்தது. கருத்துக்கணிப்புக்கு வீடுகளையோ ஊர்களையோ சமவாய்ப்பில் பொறுக்கும் வேலைக்கு அதில் ஒரு கட்டளை உண்டு. ஒரு தொடக்க எண்ணைக் கொடுத்தால், அதே எண்ணை மறுபடி கொடுக்கும் போதெல்லாம் அதே பொறுக்கல் வர வேண்டும். சரிபார்க்க வசதியாக இருக்கும். தொடக்க எண் 123 என்று கொடுத்து, 1 முதல் 10 வரை கலைத்துத் தரச் சொன்னால் பழைய ஆர் தரும் வரிசை 3, 8, 4, 7, 6, 1, 10, 9, 2, 5. இன்று அதே கட்டளைக்கு வருவது 3, 10, 2, 8, 6, 9, 1, 7, 5, 4. பழைய முறை எல்லா எண்களையும் முழுக்கச் சமமாக நடத்தவில்லை, பெரிய பட்டியல்களில் சிறு சாய்வு இருக்கிறது என்று பெர்க்லியைச் சேர்ந்த கெல்லி ஒட்டொபோனியும் ஃபிலிப் ஸ்டார்க்கும் 2018இல் காட்டினார்கள். 2019 ஏப்ரலில் வந்த 3.6.0 வெர்ஷனில் முறை மாற்றப்பட்டது. ஆகவே 2018இல் பொறுக்கிய 50 கிராமங்களை இன்று அதே கட்டளையைப் போட்டுச் சரிபார்த்தால் வேறு 50 கிராமங்கள் வரும். வெர்ஷனை எழுதி வைத்தவர், பழைய முறையிலேயே ஓட்டு என்று ஆரிடம் சொல்லி அதே பட்டியலை வாங்கிவிடலாம். எழுதாதவர் பொய் சொன்னவர் போல நிற்க நேரும்.

விடை மாறியது நாட்டின் கொள்கையைத் தொட்ட சம்பவமும் உண்டு. காற்றில் கலந்த நுண்துகளுக்கும் இறப்புக்கும் உள்ள தொடர்பை 90 அமெரிக்க நகரங்களில் ஆராய்ந்த ஜான்ஸ் ஹாப்கின்ஸ் குழு, ஒரு கன மீட்டருக்கு 10 மைக்ரோகிராம் துகள் கூடினால் இறப்பு 0.41 சதவீதம் கூடுகிறது என்று கணித்திருந்தது. அவர்கள் பயன்படுத்திய எஸ்-ப்ளஸ் மென்பொருள், படிப்படியாக விடையை நெருங்கும் வகைக் கணக்கில், போதுமான அளவு நெருங்குவதற்கு முன்பே நின்றுவிடும்படி முன்கூட்டியே அமைக்கப்பட்டிருந்தது. அதை 2002இல் அந்தக் குழுவே கண்டுபிடித்து, தானே அறிவித்தது. அளவுகோலை இறுக்கிப் போட்டபோது 0.41 என்பது 0.27 ஆயிற்று, வேறு முறையில் 0.21. தொடர்பு இருக்கிறது என்ற முடிவு நின்றது, அதன் அளவு கிட்டத்தட்டப் பாதியானது. எந்த மென்பொருள், எந்த அமைப்பு என்று திறந்து சொல்லக்கூடிய நிலையில் இருந்ததால்தான் அவர்களால் இதைச் செய்ய முடிந்தது. திருட்டு நகலில் செய்தவர் தன் கருவியைப் பற்றிப் பேசவே கூச்சப்படுவார். நிறுவனத்துக்கு எழுதிக் கேட்கவும் அவரால் முடியாது.

கருவியால் வந்த பிழைகள் இன்னும் உண்டு. மூளைப் படங்களைப் பகுப்பாய்வு செய்யும் ஆஃப்னி தொகுப்பில் ஒரு பிழை 15 ஆண்டு யார் கண்ணிலும் படாமல் இருந்து 2015இல் திருத்தப்பட்டது. இங்கிலாந்தில் 2020 அக்டோபரில் கொரோனா நோயாளிகள் 15,841 பேரின் விவரம் அரசுக் கணக்கில் ஏறாமல் போனது. காரணம், 65,536 வரிசைக்கு மேல் கொள்ளாத எக்செல்லின் பழைய கோப்பு வகையை அப்போதும் பயன்படுத்தியதுதான். பத்து லட்சத்துக்கு மேல் கொள்ளும் புதிய வகை 2007லேயே வந்துவிட்டது.

நம் ஆய்வேடுகளில் அடிக்கடி காணும் ‘பி = 0.000’ என்பதும் பழைய வெர்ஷனின் தழும்புதான். நிகழ்தகவு பூச்சியம் ஆகாது. பழைய எஸ்பிஎஸ்எஸ் மூன்று தசம இடத்தோடு வெட்டிக் காட்டியதை அப்படியே அச்சிட்டுவிடுகிறோம். அண்மை வெர்ஷன்கள் 0.001க்குக் கீழ் என்றே காட்டுகின்றன. முறையியல் பகுதியில் ‘எஸ்பிஎஸ்எஸ் 22, சிகாகோ’ என்று எழுதியிருப்பதையும் பார்க்கலாம். சிகாகோ நிறுவனம் ஐபிஎம் கைக்குப் போன பிறகு வந்தது அந்த வெர்ஷன். அதற்கு ஐபிஎம்மின் ஊரான ஆர்மாங்க் என்றுதான் எழுத வேண்டும். வேறு யாரோ எழுதிய வரியை நகலெடுத்ததற்கு அதுவே சாட்சி.

தமிழில் தரவு சேகரிப்பவர்களுக்கு அப்டேட் செய்ய இன்னும் நேரடியான காரணம் உண்டு. ஒரு காலத்தில் ஊர்ப் பெயரையும் பதிலையும் ஆங்கில எழுத்தில் மாற்றித் தட்டினோம். அல்லது கணினிக்குக் கணினி மாறும் எழுத்துருக்களில் தட்டி, வேறு இடத்தில் திறந்தால் புரியாத கிறுக்கலாகப் பார்த்தோம். எஸ்பிஎஸ்எஸ்ஸில் யூனிகோடு 16ஆம் வெர்ஷனில் வந்தது. ஸ்டேட்டா என்ற இன்னொரு புள்ளியியல் மென்பொருளில் அது 2015இல் வெளியான 14ஆம் வெர்ஷனில்தான் வந்தது. விண்டோஸில் ஓடிய ஆர், தமிழ்ச் சொல்லைக் கோணக்குறிகளுக்குள் எண்ணும் எழுத்துமாகச் சிதறடித்துக் காட்டிக்கொண்டிருந்தது. 2022இல் வந்த 4.2.0 வெர்ஷன்தான் அதைச் சரிசெய்தது. மக்கள் சொன்னதை மக்களின் மொழியிலேயே வைத்து ஆராயலாம் என்ற வசதி இவ்வளவு பிந்தித்தான் நமக்குக் கிடைத்திருக்கிறது. பழைய கிராக் நகலில் தங்கிவிடுபவர்கள் அதையும் இழக்கிறார்கள்.

அப்டேட் என்று வந்ததெல்லாம் அன்றே ஏற்ற வேண்டும் என்றும் நான் சொல்லவில்லை. மூளையின் பகுதிகளை அளக்கும் ஃப்ரீசர்ஃபர் மென்பொருளில், அதே படங்களை இரண்டு வெர்ஷன்களில் அளந்தபோது கன அளவு சராசரியாக 8.8 சதவீதம் வேறுபட்டது என்று 2012இல் ஓர் ஆய்வு காட்டியது. பாதி நோயாளிகளைப் பழையதிலும் பாதியைப் புதியதிலும் அளந்தால், வெர்ஷனின் வேறுபாடு நோயின் வேறுபாடாகத் தெரியும். ஆய்வு தொடங்கும்போது ஒரு வெர்ஷனைத் தேர்ந்தெடுத்து, முடியும் வரை பகுப்பாய்வை அதில் வைத்திருப்பது, பாதுகாப்புத் திருத்தங்களை மட்டும் ஏற்றுவது, முடிவில் புதியதில் ஒருமுறை ஓட்டி ஒப்பிடுவது என்பதே சரியான பழக்கம். ஸ்டேட்டா இதில் முன்மாதிரி. கட்டளைக் கோப்பின் முதல் வரியில் வெர்ஷன் எண்ணைக் குறித்துவிட்டால், எத்தனை ஆண்டு கழித்து எந்தப் புதிய ஸ்டேட்டாவில் ஓட்டினாலும் அந்தப் பழைய வெர்ஷன் போலவே நடந்துகொள்ளும்.

சீடி காலத்து மாணவருக்கு வேறு வழி குறைவாக இருந்தது. இன்று நிலைமை அப்படியில்லை. எஸ்பிஎஸ்எஸ் போலவே தோன்றும் திரையில் டி சோதனை, அனோவா, கை வர்க்கம், தொடர்புப் போக்கு எல்லாவற்றையும் இலவசமாகச் செய்ய ஜமோவி இருக்கிறது; ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தில் உருவான ஜாஸ்ப் இருக்கிறது; எஸ்பிஎஸ்எஸ் கோப்புகளை நேராகத் திறக்கும் பிஎஸ்பிபி இருக்கிறது. ஆருக்கு எழுதப்பட்ட கூடுதல் தொகுப்புகள் 20,000ஐத் தாண்டிவிட்டன. மும்பை ஐஐடியின் ஃபோஸ்ஸி திட்டம் ஆரைக் கல்லூரிகளுக்குக் கொண்டுபோகிறது. அங்கிருந்தே வரும் ஸ்போக்கன் டுடோரியல் திட்டம் இலவச மென்பொருள் பாடங்களைத் தமிழ் உட்பட இந்திய மொழிகளில் ஒலியோடு தருகிறது. சாஸ் நிறுவனமே மாணவர்களுக்கு இணைய வழியில் இலவசமாகத் தன் மென்பொருளைத் திறந்து வைத்திருக்கிறது. இலவசம் என்பதால் அப்டேட் வேண்டாம் என்று ஆகிவிடாது. ஆரின் தரவுக் கோப்பைத் திறந்த மாத்திரத்தில் வேறொருவரின் கட்டளை ஓடக்கூடிய ஓட்டை ஒன்று 2024இல் வெளிப்பட்டு, 4.4.0 வெர்ஷனில் அடைக்கப்பட்டது. திருத்தம் ஒரு பைசா செலவில்லாமல் எல்லோருக்கும் கிடைத்தது என்பதுதான் இங்கே முக்கியம்.

ஆகவே வழிகாட்டிகளிடம் என் வேண்டுகோள்: மாணவரிடம் எஸ்பிஎஸ்எஸ் அவுட்புட் கேட்காதீர்கள், சரியான சோதனையும் சரியான விடையும் கேளுங்கள், எந்தக் கருவி என்பதை அவரிடம் விடுங்கள். எஸ்பிஎஸ்எஸ்தான் வேண்டும் என்றால் உரிமத்தைக் கல்லூரி வாங்கட்டும். வைவாவில் ஒரு கேள்வியை வழக்கமாக்குங்கள்: இந்த மென்பொருள் எது, எந்த வெர்ஷன், எங்கிருந்து பெற்றீர்கள்? துறை ஆய்வகங்களில் ஓடும் பழைய நகல்களை இந்தக் கோடை விடுமுறையிலேயே நீக்கிவிட்டு, அந்தக் கணினிகளைச் சுத்தமாக மறுபடி அமைத்துக் கொடுங்கள். மாணவர்களே, உங்கள் லேப்டாப்பில் கிராக் செய்த நகல் இருந்தால், அதை நீக்குவதோடு நிறுத்தாதீர்கள். வேறொரு கணினியிலிருந்து உங்கள் கடவுச்சொற்களை மாற்றுங்கள், தரவுக்குத் தனிக் காப்பு நகல் எடுங்கள், விண்டோஸைப் புதிதாக ஏற்றுங்கள். பிறகு ஜமோவியையோ ஆரையோ அதன் அதிகாரப்பூர்வத் தளத்திலிருந்து இறக்கி, உங்கள் முதல் அட்டவணையை மறுபடி போட்டுப் பாருங்கள். வெர்ஷன் எண்ணை அன்றே ஆய்வேட்டில் எழுதிவிடுங்கள்.